ஆறேகால் நாழிகைச் சுவடி: பிள்ளைகள் நாடகத்துக்கு ஒரு மந்திர ஏடு செய்யும் முறை

ரங்கூனில் ஞாயிற்றுக்கிழமை தோறும் கோயில் மண்டபத்தில் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். பொங்கலுக்கு ஒரு நாடகம் போடுவது வழக்கம். வாரம் முழுக்கப் பர்மிய மொழியிலேயே படித்துப் பேசிவிட்டு வருகிற பிள்ளைகள் இவர்கள். பாடப்புத்தகத்தை மறந்துவிடுவார்கள், நாடக வசனத்தை மறக்கமாட்டார்கள். அதனால் நாடகத்துக்கு நான் கொஞ்சம் அதிகமாகவே மெனக்கெடுவேன்.

சில வருடங்களுக்கு முன் போட்ட நாடகத்தில் காலத்தை நிறுத்தும் பழைய சுவடி ஒன்று வந்தது. சார்ட் அட்டையை நீளமாக வெட்டி, தேயிலைச் சாயம் ஏற்றி, "இம்மந்திரத்தை மூன்று மணி நேரம் ஜெபித்தால் காலம் நிற்கும்" என்று கறுப்புப் பேனாவில் எழுதிவைத்தேன். நாடகம் முடிந்ததும் முன்வரிசையில் இருந்த தாத்தா ஒருவர் என்னைக் கூப்பிட்டார்.

"ஏம்மா, ஓலை எழுதின காலத்துல மணி ஏது? நாழிகைதானே இருந்துச்சு. உன் மந்திரம் எந்தக் கடியாரத்தப் பாத்து வேலை செய்யும்?"

எனக்கு வாயடைத்துப் போயிற்று. அவர் கேட்ட கேள்விதான் இந்த வேலை முழுவதற்கும் அடிப்படை என்று இப்போது நினைக்கிறேன். மந்திரம் கற்பனையாக இருக்கட்டும், ஆனால் அதற்கு அடியில் இருக்கிற கணக்கு நிஜமாக இருக்கவேண்டும். அப்போதுதான் மேடையில் ஏட்டைப் பிரிக்கும் பிள்ளையும் நம்பும், எதிரே உட்கார்ந்திருப்பவர்களும் நம்புவார்கள். போன பொங்கலுக்கு அந்த முறையில் ஒரு சுவடி செய்தோம். அதைச் செய்த விதத்தை, வேறு ஊர்களில் பிள்ளைகளை வைத்து நாடகம் போடுகிறவர்களுக்காக எழுதுகிறேன்.

ஓலை வாங்கப் போவதற்கு முன்னால் பொழுதின் கணக்கைப் பிள்ளைகளோடு உட்கார்ந்து போட்டுவிடுங்கள். ஒரு நாளுக்கு 60 நாழிகை. ஒரு நாழிகை 24 நிமிடம். ஒரு நாழிகைக்கு 60 விநாழிகை, ஆகவே ஒரு விநாழிகை 24 நொடி. ஏழரை நாழிகை ஒரு சாமம், அதாவது மூன்று மணி நேரம். நாளுக்கு எட்டுச் சாமம். சித்தர் மரபில் மனிதனுக்கு நாளொன்றுக்கு 21,600 மூச்சு என்று கணக்கு. அதை 60-ஆல் வகுத்தால் நாழிகைக்கு 360 மூச்சு, மூச்சுக்கு 4 நொடி. இந்த மூச்சுக் கணக்கை இறுகப் பிடித்துக்கொள்ளுங்கள், பின்னால் மந்திரம் முழுதும் இதில்தான் நிற்கப்போகிறது.

பின்னக் கணக்கும் வேண்டும். நம் பழைய வாய்ப்பாட்டில் கால், அரை, முக்கால் தவிர மா என்றால் இருபதில் ஒன்று, காணி என்றால் எண்பதில் ஒன்று, முந்திரி என்றால் முந்நூற்றிருபதில் ஒன்று. ஒரு மா நாழிகை 72 நொடி. ஒரு காணி நாழிகை 18 நொடி. ஒரு முந்திரி நாழிகை நாலரை நொடி, ஏறக்குறைய ஒரு மூச்சு. "ஒரு கணம் நின்றது" என்று எழுதுவதைவிட "ஒரு முந்திரி நின்றது" என்று எழுதிப் பாருங்கள். எங்கள் வகுப்பில் ஒரு பையன் கேட்டுவிட்டு, "செயாமா, முந்திரி கொட்டையா?" என்றான். (பர்மிய மொழியில் டீச்சரைக் கூப்பிடும் சொல் அது.) எண்ணைச் சொல்லி, மூச்சை இழுத்து விடச் சொன்னேன். அதற்குப் பிறகு அவன்தான் மற்றவர்களுக்கு முந்திரி சொல்லிக்கொடுத்தான்.

பர்மாவில் இருக்கிறவர்களுக்கு இங்கே ஒரு கொடுப்பினை. பர்மியப் பழங்கணக்கிலும் நாளுக்கு 60 நாயி. ஒரு நாயி 24 நிமிடம். அதை அறுபதாகப் பிரித்தால் வருவது விஸனா, 24 நொடி. நாளுக்கு எட்டு பஹோ, ஒவ்வொன்றும் மூன்று மணி நேரம். நாழிகை, விநாழிகை, சாமம் மூன்றும் அப்படியே வேறு பெயரில் இங்கே இருக்கின்றன. இன்று கடிகாரத்துக்கும் மணிக்கும் சொல்கிற அதே 'நாயி'தான் இது. ஆகவே நம் கற்பனைச் சுவடி பர்மியக் கணியர் ஒருவர் கையில் கிடைத்தால், எழுத்துத் தெரியாவிட்டாலும், எண்ணைப் படித்துச் சொன்னால் அவர் கணக்கைப் புரிந்துகொள்வார். எங்கள் நாடகத்தில் அப்படி ஒரு காட்சியே வைத்தோம்.

இன்னொரு பொருத்தமும் உண்டு. பர்மியர்களுக்கு வாரத்தில் எட்டுப் பிறந்த கிழமைகள். புதன்கிழமையை மதியத்தில் இரண்டாக வெட்டி, பிற்பகலை ராகுவுக்குக் கொடுத்திருக்கிறார்கள். ரங்கூனின் ஷ்வேடகோன் பகோடாவுக்குப் போனால் எட்டுத் திசையிலும் எட்டுக் கிழமைக்கு வழிபாட்டு மேடை பார்க்கலாம். காலை புதனுக்குக் கொம்புள்ள யானை, மாலை ராகுவுக்குக் கொம்பில்லாத யானை. நம் பஞ்சாங்கத்தில் புதன்கிழமை ராகுகாலம் 12 மணியிலிருந்து ஒன்றரை வரை. இரண்டு மரபிலும் புதன்கிழமை நடுப்பகலில் ராகு வந்து உட்காருகிறார். காலத்தைத் திறக்கும் மந்திரத்துக்கு இதைவிட நல்ல நேரத்தை யாரும் கற்பனை செய்ய முடியாது. ஆறு மணிக்கு உதயம் என்று கொண்டால் நடுப்பகல் என்பது உதயாதி 15 நாழிகை. ஏட்டில் தமிழ் எண்ணில் ௰௫ என்று போட்டோம்.

அடுத்து, காலத்தை வைத்து என்ன செய்கிற சுவடி என்று முடிவு செய்யுங்கள். "காலத்தை ஆளும்", "முக்காலமும் காட்டும்" என்று பரப்பிவிட்டால் நாடகம் எங்கும் போய்ச் சேராது. ஒரே ஒரு வேலை, அதுவும் அளவோடு. எங்கள் வேலையை எங்கள் அப்பாயி கொடுத்தார். 1942-ல் ஜப்பானியர் வந்த பிறகு ரங்கூன் கடிகாரங்கள் டோக்கியோ நேரத்துக்கு மாறின. இரண்டரை மணி நேரம் முன்னே தள்ளவேண்டும். ஆறு மணிக்கு விடிகிற ஊரில் எட்டரைக்கு விடிந்தது. "ராத்திரி படுத்து எந்திரிச்சா ரெண்டரை மணி நேரத்தக் காணோம். எவன் எடுத்தான்னு கேக்க முடியுமா?" என்று அப்பாயி சொல்லிச் சொல்லி அது எங்கள் வீட்டில் பழமொழி மாதிரி ஆகிவிட்டது. 1945-ல் ஜப்பானியர் போனபின் கடிகாரம் திரும்பி வந்தது. அதற்குள் எத்தனையோ குடும்பங்களில் பாதிப்பேர் இந்தியாவுக்கு நடந்தே போய்விட்டார்கள், பலர் வழியிலேயே முடிந்துபோனார்கள்.

இரண்டரை மணி என்பது 150 நிமிடம். 24-ஆல் வகுத்தால் ஆறேகால். ஆறேகால் நாழிகை! கணக்குப் போட்டுப் பார்த்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. சுவடிக்குப் பெயர் அப்போதே கிடைத்துவிட்டது. உங்கள் ஊரிலும் இப்படி ஏதாவது ஒரு நேரம் காணாமற்போயிருக்கும். பெரியவர்களைக் கேளுங்கள்.

ஆனால் ஏடு 1942-ஐவிடப் பழையதாக இருக்கவேண்டுமே? அதற்கு வழி இரண்டு கை எழுத்து. பழைய சுவடிகளில் மூலத்தை ஒருவர் எழுதியிருப்பார், ஓரத்திலும் இடைவெளியிலும் பின்னால் வைத்திருந்தவர் எதையாவது சேர்த்திருப்பார். எங்கள் சுவடியில் மூலம் நாழிகைக் கணக்கன் ஒருவன் எழுதியது. அரண்மனையில் நீர்க்கிண்ணம் வைத்துப் பொழுது அளக்கும் ஊழியக்காரன், பெயர் கிடையாது. அகத்தியர் பெயரையோ போகர் பெயரையோ வைக்காதீர்கள் என்று கையெடுத்துக் கேட்டுக்கொள்கிறேன். அவர்கள் எழுதாததை அவர்கள் தலையில் கட்டியது ஏற்கெனவே போதும். சங்க காலத்து முல்லைப்பாட்டிலேயே பாசறையில் நீர்க்கன்னல், அதாவது நீர்க்கிண்ணம், வைத்துப் பொழுது சொல்கிறவர்கள் வருகிறார்கள். மண்டலே அரண்மனையிலும் நீர்க்கிண்ணத்தால் பொழுதளந்து முரசடித்தார்கள். பெயரில்லாத அந்த வேலைக்காரர்களில் ஒருவன் என்றால் போதும், பெருமையும் அதில்தான்.

மூலத்தைச் செய்யுளாக எழுதுங்கள். நாலு சீர் அடி, எதுகை மோனை, ஏகாரத்தில் முடிவு. பிள்ளைகள் ஓசையைப் பிடித்துக்கொண்டு மனப்பாடம் செய்வார்கள். எங்களுடையது இது:

ஓடும் நாழிகை ஒருகணம் நிற்பத்
தேடும் மாந்தீர் தெளிந்திது கேண்மின்
அறுபது மூச்சை ஆறால் பெருக்கி
நிறைபொழுது ஒன்றென நெஞ்சினில் வைத்துக்
கன்னல் மூழ்கும் காலம் அறிந்து
முன்னம் இழந்தவை முறையொடு அழையே

இரண்டாவது கை எழுத்தை உரைநடையாக, பேச்சு கலந்து எழுதவேண்டும். வேறு ஒரு பிள்ளை எழுதட்டும், எழுத்துச் சாய்வே மாறிவிடும். "சித்திரபானு வருஷம் சப்பான்காரன் வந்தபின் கடியாரத்தை முன்னே தள்ளச் சொன்னான். தள்ளினது ஆறேகால் நாழிகை. அது எங்கே போச்சுதென்று ஒருத்தருஞ் சொல்லவில்லை." 1942 சித்திரையில் பிறந்தது சித்திரபானு, 1945-ல் பார்த்திப. சுவடியில் ஆங்கில ஆண்டு போடாதீர்கள். அறுபது வருடத்துக்கு ஒருமுறை அதே பெயர் திரும்ப வருவதால், 2002-ம் சித்திரபானுதான். ஏட்டைக் கண்டெடுத்த சிறுவன் எந்தச் சித்திரபானு என்று தெரியாமல் திண்டாடும் காட்சி தானாகவே கிடைத்துவிடும்.

மந்திரத்துக்கு விலை வைப்பதுதான் அதிகம் யோசித்த இடம். ஆறேகால் நாழிகையைத் திரும்ப வாங்க என்ன கொடுப்பது? இரத்தம், உயிர், ஆடு, கோழி என்று பிள்ளைகள் அடுக்கினார்கள். கடைசியில் பதினோரு வயதுப் பெண் ஒருத்தி, "மூச்சாலதானே அளந்தான், மூச்சாலயே கொடுக்கட்டும்" என்றாள். ஆறேகாலை 360-ஆல் பெருக்கினால் 2,250. நேரத்தை இழந்த ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து, வேறு எதுவும் செய்யாமல், 2,250 மூச்சை எண்ணவேண்டும். எண்ணி முடிக்க ஆகும் நேரம் அதே இரண்டரை மணி. கொடுத்ததும் வாங்கியதும் சரியாகப் போகிறது. ஏட்டில் அது ௨௲௨௱௫௰. நாடகத்தில் பேரன் தன் கொள்ளுப்பாட்டி பக்கத்தில் உட்கார்ந்து எண்ணுகிறான். அவ்வளவுதான் மந்திரம்.

இனி ஓலை. பர்மியப் பிக்குகளின் 'பே-சா' என்கிற ஓலை ஏடுகள் தாளிப்பனை ஓலையில் செய்தவை, அகலமும் மென்மையும் அதிகம். நமக்குப் பனை ஓலையே போதும். நடு பர்மாவில் ஞாங்ஊ, பகான் ஊர்கள் பக்கம் எங்கு பார்த்தாலும் பனைதான். கருப்பட்டி காய்ச்சும் ஒரு குடும்பத்திடம் சொல்லிவைத்து, பஸ்ஸில் ஒரு கட்டு ஓலை வரவழைத்தோம். குருத்தும் வேண்டாம், முற்றினதும் வேண்டாம், நடுப்பருவம். ஈர்க்கை உரித்து எடுத்துவிட்டு, மஞ்சள்தூள் போட்ட தண்ணீரில் அரை மணி நேரம் கொதிக்கவைத்து, நிழலில் காயப்போடுங்கள். வெயிலில் போட்டால் சுருண்டுகொள்ளும். ஓரளவு காய்ந்ததும் பலகைகளுக்கு நடுவே வைத்து மேலே பாரம் ஏற்றி ஒரு வாரம் விட்டுவிடுங்கள். பிறகு சோழியால் இரண்டு பக்கமும் தேய்த்தால் வழவழப்பு வரும். இந்தத் தேய்க்கிற வேலைக்குப் பிள்ளைகள் சண்டை போட்டுக்கொள்வார்கள்.

ஒன்றரைச் சாண் நீளம், மூன்று விரல் அகலம் என்று ஒரே அளவாக வெட்டி, இரண்டு துளை போடுங்கள். இடத் துளையில் கயிறு, வலத் துளையில் ஏடுகள் நகராமல் இருக்க நாராசம், அதாவது ஒரு மெல்லிய குச்சி. மேலும் கீழும் மரச்சட்டம். நாங்கள் பன்னிரண்டு ஏடு செய்தோம். ஏட்டு எண்ணை இடது ஓரத்தில் தமிழ் எண்ணில் போடவேண்டும்.

எழுத்தாணிக்குக் கோணி ஊசியை மூங்கில் பிடியில் செருகி, முனையைக் கல்லில் லேசாக மழுக்கிக்கொள்ளுங்கள். கூராக இருந்தால் ஓலை நரம்போடு கிழியும். ஏட்டை இடது கையில் பிடித்து, இடது கட்டைவிரலின் மேல் ஊசியைத் தாங்கவைத்து, ஏட்டை நகர்த்தி நகர்த்திக் கீறவேண்டும். சின்னப் பிள்ளைகளிடம் ஊசியைக் கொடுக்காதீர்கள், பதின்மூன்று வயதுக்கு மேற்பட்டவர்கள் போதும். கீறி முடித்ததும் அகல்விளக்குக் கரியைக் கோவையிலைச் சாற்றில் குழைத்துப் பூசி, துணியால் துடைத்தால் எழுத்து மட்டும் கறுப்பாக எழும்பும். அந்த நிமிடத்தில் பிள்ளைகள் முகத்தைப் பார்க்கவேண்டும்.

எழுத்து முறையில் ஒரு கண்டிப்பு. பழைய ஏட்டில் புள்ளி கிடையாது, சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. ஒகரம் ஓகாரம், எகரம் ஏகாரம் வேறுபாடு தெரியாது. துணைக்காலும் ரகரமும் ஒரே மாதிரி இருக்கும். ஆக முதல் அடி இப்படி வரும்:

ஒடுமநரழிகையெரருகணமநிறபத

இதைக் கரும்பலகையில் எழுதி, படிக்கச் சொல்லுங்கள். முதலில் விழிப்பார்கள். பிறகு ஒருவன் 'நாழிகை'யைக் கண்டுபிடிப்பான், அதைப் பிடித்துக்கொண்டு மற்றவர்கள் இரண்டு பக்கமும் நகர்வார்கள். ஒரு வருடத்தில் என்னால் சொல்லிக்கொடுக்க முடியாத எழுத்தறிவு அந்த அரை மணியில் வந்தது. நாடகத்திலேயே இந்தப் படிப்பைக் காட்சியாக வைத்தோம், தவறாகப் படித்தால் மந்திரம் தவறாக வேலை செய்யும் என்று.

முதல் ஏட்டின் தலையில் பிள்ளையார் சுழி, ஒரு காப்புச் செய்யுள். ஏழாம் ஏடு இல்லாமல் இருக்கட்டும். ௬-க்குப் பிறகு ௮ வந்தால் பார்க்கிறவர்களே கவனித்துக் கேட்பார்கள். விலை எழுதிய ஏடு அதுதான் என்று நாங்கள் வைத்தோம், நடுக்காட்சியில் அது பாட்டியின் வெற்றிலைப் பெட்டியிலிருந்து வெளியே வருகிறது. பூச்சி அரித்த துளைகளைச் சூடான ஊசியால் போடலாம். அடுக்கிவைத்து ஒரே குத்தில் நாலைந்து ஏட்டைத் துளைத்தால்தான் இயல்பாக இருக்கும், பூச்சி ஏடு ஏடாகப் பிரித்து அரிப்பதில்லை.

இனிச் சொல்வதை விளையாட்டாக எடுத்துக்கொள்ளாதீர்கள். முதல் வருடத்து அட்டைச் சுவடியைக் கோயில் பரண்மேல் வைத்திருந்தேன். சில மாதம் கழித்து ஒரு அம்மா என்னைத் தேடி வந்தார். மகன் வெளிநாட்டு வேலைக்குப் போய் நாலு வருடமாகத் தகவல் இல்லை. "அந்த ஏட்ட ஒருவாட்டி எனக்காகப் படிக்கிறீங்களா தங்கச்சி? அவன் போன நாளுக்கு முந்தின நாளு வரைக்கும் போனாப் போதும்." கையில் ஒரு துணியில் காசு முடிந்து வைத்திருந்தார். நான் அட்டையில் எழுதியது அது, சாயத்தில் முக்கியது என்று எப்படிச் சொல்வது? சொன்னேன். சொல்லிவிட்டு அவரோடு சாயங்காலம் வரை உட்கார்ந்திருந்தேன்.

அதனால் இப்போது சில விதிகளை விடாமல் பிடிக்கிறோம். நிஜமாகப் பூசையில் உள்ள மந்திரமோ, பீஜ எழுத்தோ, சக்கரமோ ஏட்டில் வரக்கூடாது. கடைசி ஏட்டில், எழுதி முடித்த குறிப்பு வருமிடத்தில், புள்ளி வைத்து, இடைவெளி விட்டு, எல்லாரும் படிக்கிற மாதிரி எழுதிவிடுவோம்: "இந்த ஏடு ரங்கூன் தமிழ்ப் பிள்ளைகள் பொங்கல் நாடகத்துக்காகத் தங்கள் கையால் எழுதியது." கீழே வருடம், எழுதிய பிள்ளைகளின் முதலெழுத்துகள். நாடகம் முடிந்ததும் சுவடியை வெற்றிலைப் பெட்டியோடு வகுப்பு அலமாரியில் வைக்கிறோம், சாமி பக்கத்தில் வைப்பதில்லை. பூச்சி வராமல் இருக்க வருடம் ஒருமுறை புல்தைலம் தொட்டுத் துடைப்போம். பர்மியர்கள் முன்பு தங்கள் ஏடுகளுக்கு எண்ணெய்க் கிணற்றுக் கச்சா எண்ணெய் பூசினார்கள். பிள்ளைகள் தொடுகிற பொருளுக்கு அது வேண்டாம்.

மேடைக்கு ஒரு நீர்க்கிண்ணம் செய்யுங்கள், இதற்கு ஆகும் செலவு மிகக் குறைவு. மெல்லிய பித்தளைக் கிண்ணம் ஒன்று, பழைய மொகல் தெருப் பக்கத்துக் கடைகளில் கிடைக்கும். அடியில் மெல்லிய ஆணியால் ஒரு சின்னத் துளை. தண்ணீர் நிறைந்த அண்டாவில் காலிக் கிண்ணத்தை மிதக்கவிட்டால், துளை வழியாக நீர் ஏறி, நிறைந்ததும் மூழ்கும். எங்களுடையது முதலில் 41 நிமிடம் எடுத்தது. ஊசியரத்தால் துளையை இம்மி இம்மியாகப் பெரிதாக்கி 33, பிறகு 27, பிறகு 22-க்குத் தாவிவிட்டது. தேன்மெழுகால் அடைத்து மறுபடி குத்தி, ஒரு முழு ஞாயிற்றுக்கிழமை போராடி 24 நிமிடத்துக்குக் கொண்டுவந்தோம். தண்ணீரைத் துணியில் வடிகட்டி ஊற்றுங்கள். ஒரு தூசி அடைத்தால் நாழிகை நீண்டுவிடும்.

நாடகத்தை ஒரு நாழிகைக்கு எழுதுங்கள். திரை திறக்கும்போது ஒரு பிள்ளை வந்து கிண்ணத்தை அண்டாவில் வைத்துவிட்டுப் போகட்டும். 2,250 மூச்சையும் மேடையில் எண்ண முடியாது. நாங்கள் 30 மூச்சு வைத்தோம், அது இரண்டு நிமிடம். அந்த இரண்டு நிமிடம் யாரும் பேசக்கூடாது, பேரனும் பாட்டியும் மட்டும் மூச்சு விடவேண்டும். ஒத்திகையில் பிள்ளைகள் சிரித்துவிடுவார்கள், நாலைந்து தடவை செய்தால் அடங்கிவிடும். காட்சி முடிகிற நேரத்தில் கிண்ணம் மூழ்கவேண்டும். மூழ்கும் சத்தம் இரண்டாவது வரிசைக்கு மேல் கேட்காது, ஆகவே அண்டா பக்கத்திலேயே கைமணியோடு ஒருத்தியை நிறுத்துங்கள். அவள் வசனத்தைக் கவனிக்கவே வேண்டாம், கண்ணைக் கிண்ணத்தைவிட்டு எடுக்காமல் இருந்தால் போதும்.